ஆடுகளத்திலிருந்து அரங்கத்துக்கு: முன்னாள் வீரர்கள் தொலைக்காட்சி விளையாட்டுத் தொகுப்பாளர் ஆவதற்கான வழிகாட்டி

ஓய்வு பெற்ற விளையாட்டு வீரருக்குத் தொலைக்காட்சியில் மூன்று விதமான வேலைகள் உண்டு. ஆட்டம் நடந்துகொண்டிருக்கும்போது அதைச் சொல்லிக்கொண்டே வருபவர் வர்ணனையாளர். அரங்கில் அமர்ந்து, அது ஏன் அப்படி நடந்தது என்று விளக்குபவர் வல்லுநர். நிகழ்ச்சியைத் தொடங்கி, வல்லுநர்களைப் பேசவைத்து, விளம்பர இடைவேளைக்கு அனுப்பி, மீண்டும் அழைத்து, குறித்த நொடியில் முடித்துவைப்பவர் தொகுப்பாளர். முதல் இரண்டு வேலைகளுக்கும் உங்கள் ஆட்ட அனுபவமே மூலதனம். மூன்றாவது வேலையில் அதே அனுபவம் பல நேரங்களில் குறுக்கே வந்து நிற்கும், ஏனென்றால் விடை தெரிந்த ஒருவர் அந்த விடையைத் தாம் சொல்லாமல், பக்கத்தில் இருப்பவரிடம் கேள்வியாகக் கேட்க வேண்டிய வேலை அது. பதக்கம் வாங்கியவர்களில் நல்ல வல்லுநர்கள் பலர் இருந்தும் நல்ல தொகுப்பாளர்கள் சிலரே இருப்பதற்கு இதுதான் காரணம் என்பது என் கருத்து. இந்த வழிகாட்டி அந்த மூன்றாவது வேலையைக் குறித்தது.

எப்போது தொடங்குவது

ஓய்வை அறிவித்த பிறகு யோசிக்கலாம் என்று இருப்பவர்கள், ஆஸ்திரேலியக் கிரிக்கெட் வீரராக இருந்து புகழ்பெற்ற வர்ணனையாளரான ரிச்சி பெனோ என்ன செய்தார் என்பதைக் கவனிக்க வேண்டும். ஆஸ்திரேலிய அணி 1956-இல் இங்கிலாந்துச் சுற்றுப்பயணத்தை முடித்தபோது, அவர் பிபிசி நடத்திய தொலைக்காட்சிப் பயிற்சி வகுப்பில் சேர்ந்து படித்தார். அப்போது அவர் அணித்தலைவர்கூட அல்லர். அந்தப் பொறுப்பு 1958-இல்தான் வந்தது, கடைசி டெஸ்ட் ஆட்டமோ 1964-இல். அதாவது, ஓய்வுக்கு எட்டு ஆண்டுகளுக்கு முன்பே அடுத்த தொழிலுக்கான படிப்பைத் தொடங்கிவிட்டார். பத்திரிகையாளராக வேலை பார்த்த பழக்கமும் அவருக்கு இருந்தது. இன்னொன்றும் கவனிக்கத்தக்கது: அவர் தமக்கு முன்மாதிரியாகக் கொண்டவர்கள் கிரிக்கெட் வர்ணனையாளர்கள் அல்லர். கோல்ஃப் ஆட்டத்தின் ஹென்றி லாங்ஹர்ஸ்ட், டென்னிஸின் டான் மாஸ்கெல், குதிரைப் பந்தயத்தின் பீட்டர் ஓ'சல்லிவன் ஆகியோரிடமிருந்துதான் எப்போது பேசுவது, எப்போது பேசாமல் இருப்பது என்பதைக் கற்றார்.

ஆடிக்கொண்டிருக்கும் காலத்தில் உங்களுக்குக் கிடைக்கும் ஒரு வசதி பிறகு கிடைக்காது. ஒளிபரப்பு வண்டி மைதானத்துக்கு வெளியே நிற்கும். உள்ளே இருப்பவர்களுக்கு உங்களைத் தெரியும். ஆட்டம் இல்லாத நாளில் அனுமதி கேட்டு அந்த வண்டிக்குள் ஓரமாக நின்று, டைரக்டர் எத்தனை கேமராக்களை எந்த வேகத்தில் மாற்றுகிறார், ரீப்ளேயை யார் எடுத்துக் கொடுக்கிறார், எழுத்துகளையும் புள்ளிவிவரங்களையும் திரையில் ஏற்றுபவர் எங்கே உட்கார்ந்திருக்கிறார் என்பவற்றைப் பார்த்து வைத்துக்கொள்ளுங்கள். பின்னாளில் காதில் வரும் ஒவ்வொரு கட்டளையும் எந்த மேசையிலிருந்து வருகிறது என்று மனத்தில் படம் இருந்தால் பாதிப் பதற்றம் குறையும்.

எந்த வாசல் வழியாக நுழைவது

தேசிய அணிக்கு ஆடிப் புகழ்பெற்றவருக்கான வாசல் ஒன்று. மாநில அளவில் நின்றுவிட்டவருக்கும், புகழ் வருமுன்பே ஆட்டம் முடிந்துவிட்டவருக்கும் வாசல் வேறு. இங்கிலாந்துக் கால்பந்து வீரர் கேரி லினேக்கர் முதல் வகை. 1986 உலகக் கோப்பையில் 6 கோல்கள் அடித்து முதலிடம் பெற்ற அவர், 1994-இல் ஜப்பானில் ஆட்டத்தை முடித்துக்கொண்டு வந்தபோதும் பிபிசி அவரை நேரடியாகத் தொகுப்பாளர் நாற்காலியில் உட்கார வைக்கவில்லை. முதலில் வல்லுநராக வந்தார். பிறகு மதிய நேரத்துக் கால்பந்து நிகழ்ச்சி ஒன்றைத் தொகுத்தார். 1999-இல்தான் டெஸ் லைனம் விலகிய இடத்தில், பிபிசியின் முக்கியக் கால்பந்து நிகழ்ச்சியான ‘மேட்ச் ஆஃப் தி டே’வுக்கு வந்து, 2025 மே வரை இருந்தார். புகழ்பெற்றவருக்கே ஐந்து ஆண்டுகள் படியேற வேண்டியிருந்தது.

இரண்டாவது வகைக்கு கேபி லோகன் நல்ல உதாரணம். அவர் ரிதமிக் ஜிம்னாஸ்டிக்ஸ் வீராங்கனை. 1990-இல் ஆக்லாந்து காமன்வெல்த் போட்டியில் வேல்ஸ் சார்பில் கலந்துகொண்ட அவருடைய ஆட்ட வாழ்வு, முதுகிலிருந்து காலுக்கு இறங்கும் நரம்பு வலியால் 17 வயதிலேயே முடிந்தது. டர்ஹாம் பல்கலைக்கழகத்தில் சட்டம் படித்தபோது நியூகாசிலில் உள்ளூர் வானொலி ஒன்றில் பேசத் தொடங்கினார். 1996-இல் ஸ்கை, 1998-இல் ஐடிவி, 2007-இல் பிபிசி என்று தொலைக்காட்சி நிறுவனங்கள் மாறி வந்து, லினேக்கர் விட்டுச்சென்ற நிகழ்ச்சியை இப்போது நடத்தும் மூவரில் ஒருவராக இருக்கிறார். தாம் ஆடாத கால்பந்தைப் பற்றி அவர் நிகழ்ச்சி நடத்துவதில் எந்த முரணும் இல்லை. அருகில் இருக்கும் முன்னாள் கால்பந்து வீரர்களிடம் எதைக் கேட்டால் பார்வையாளருக்கு விளங்கும் என்று தெரிந்திருப்பதுதான் அவருடைய தகுதி. கபடி, தடகளம், கைப்பந்து என்று எதில் ஆடியவராக இருந்தாலும் இந்தப் பாதை திறந்தே இருக்கிறது.

தமிழில் இதற்கான களம் பெருகியது அண்மைக் காலத்தில்தான். 2017-இல் ஸ்டார் ஸ்போர்ட்ஸ் தமிழ் அலைவரிசை தொடங்கிய பிறகு கிருஷ்ணமாச்சாரி ஸ்ரீகாந்த், சடகோபன் ரமேஷ், பத்ரிநாத், ஹேமங் பதானி, லட்சுமிபதி பாலாஜி, அபினவ் முகுந்த் என்று முன்னாள் வீரர்கள் பலர் தமிழில் பேசுவதை நாம் கேட்கிறோம். ஆனால் இவர்களைப் பெரும்பாலும் வர்ணனையாளர்களாகவும் வல்லுநர்களாகவுமே பார்க்கிறோம். நிகழ்ச்சியை நடத்தும் இடத்தில் ஊடகப் பின்னணி உள்ளவர்களே அதிகம். ஆகவே அந்த இடத்தைக் கேட்டுப் போகும் முன்னாள் வீரர், தம் ஆட்டப் பெருமையைக் காட்டிலும் நேரலை நடத்தும் திறனையே நிரூபிக்க வேண்டியிருக்கும். அதற்கான பயிற்சியை வீட்டிலேயே தொடங்கலாம்.

காதில் ஒலிக்கும் குரல்

புதிதாக வரும் எந்த வீரரையும் கேமரா அவ்வளவாக மிரட்டுவதில்லை, இயர்பீஸ்தான் மிரட்டும். அதன் வழியாகக் கட்டுப்பாட்டு அறையின் பேச்சு காதில் வந்துகொண்டே இருக்கும். இதை டாக்பேக் என்பார்கள். இதில் இரண்டு முறைகள் உள்ளன. புரொடியூசர் பொத்தானை அழுத்தி உங்களிடம் பேசும்போது மட்டும் கேட்பது ஒரு முறை. அறையில் எல்லோரும் பேசுவது முழுவதும் கேட்டுக்கொண்டிருப்பது மற்றொரு முறை. தொடக்கத்தில் முதல் முறையைக் கேட்டு வாங்கிக்கொள்ளுங்கள். பழகிய தொகுப்பாளர்கள் பலர் இரண்டாவதையே விரும்புவதற்குக் காரணம், ஒரு ரீப்ளே தயாராகவில்லை என்ற செய்தி தமக்குச் சொல்லப்படுவதற்கு முன்பே அறையின் சலசலப்பிலிருந்து அவர்களுக்குத் தெரிந்துவிடும் என்பதுதான்.

நேரலையில் ஒரு நிமிடம் எப்படி இருக்கும் என்று பார்ப்போம். மாற்று ஆட்டக்காரரை ஏன் இவ்வளவு தாமதமாக இறக்கினார்கள் என்று நீங்கள் வல்லுநரைக் கேட்கிறீர்கள். அவர் வாய் திறந்ததும் காதில், ‘அடுத்த படம் தயாராக இருக்கிறது, 40 நொடிதான் இருக்கிறது’ என்று குரல் வருகிறது. வல்லுநர் தம்முடைய பழைய பயிற்சியாளரைப் பற்றிய கதை ஒன்றைத் தொடங்குகிறார். ‘படம் வேண்டாம், விட்டுவிடுங்கள், நேராக இடைவேளை’ என்கிறது குரல். கேமராவுக்குப் பக்கத்தில் நிற்கும் ஃபுளோர் மேனேஜர் விரல்களைக் காட்டுகிறார். 15 என்று எண்ணிக்கை தொடங்குகிறது. இப்போது நீங்கள் வல்லுநரின் பேச்சை வெட்டினால் அது பார்வையாளருக்கு அவமரியாதையாகத் தெரியும். வெட்டாவிட்டால் விளம்பரம் அவர் வாக்கியத்தின் நடுவில் விழும். பழகியவர்கள் என்ன செய்கிறார்கள் என்றால், உடலைச் சற்றே முன்னால் சாய்த்து, பேசுபவருக்குத் தெரியும்படி மூச்சை இழுக்கிறார்கள். எதிரில் இருப்பவர் முன்னாள் வீரராக இருந்தாலும் அந்த அசைவைப் புரிந்துகொண்டு வாக்கியத்தை முடித்துவிடுவார். அவர் சொன்ன கடைசிச் சொல்லையே பிடித்துக்கொண்டு உங்கள் முடிவு வாக்கியத்தைத் தொடங்கினால், வெட்டியதாகவே தோன்றாது.

இதற்கு வீட்டில் செய்யக்கூடிய பயிற்சி உண்டு. கைப்பேசியில் நண்பரை அழைத்து, ஒரு காதில் மட்டும் இயர்போனை மாட்டிக்கொள்ளுங்கள். அவர் நாளிதழை உரக்கப் படித்துக்கொண்டே இருக்க, நீங்கள் நேற்றைய ஆட்டத்தைப் பற்றி இரண்டு நிமிடம் தடையில்லாமல் பேச வேண்டும். முடிந்ததும் அவர் என்ன படித்தார் என்று சொல்ல வேண்டும். முதலில் நாக்கு குழறும், கண் மேலே போகும், பேச்சின் வேகம் கூடும். இவை அடங்கிய பிறகு அடுத்த கட்டமாக, நண்பர் 30-இலிருந்து பின்னோக்கி எண்ண, சுழியம் வரும்போது உங்கள் கடைசி அசை முடியுமாறு பேசிப் பழகுங்கள். முடிவு வாக்கியங்களை 15 நொடிக்கு ஒன்று, 8 நொடிக்கு ஒன்று, 3 நொடிக்கு ஒன்று என்று மூன்று அளவுகளில் முன்கூட்டியே தயாராக வைத்திருப்பது நல்லது. முடித்த பிறகும் கேமராவின் சிவப்பு விளக்கு அணையும் வரை பார்வையை இறக்கக் கூடாது. பேச்சு முடிந்த கணத்திலேயே தலையைக் குனிந்து காகிதத்தைப் பார்ப்பதுதான் புதியவரைக் காட்டிக்கொடுக்கும்.

பேச வேண்டியதைத் திரையில் ஓடவிடும் டெலிபிராம்ப்டர் அரங்கில் இருக்கும், மைதானத்து ஓரத்தில் பெரும்பாலும் இருக்காது. அதனால் தொடக்கத்தின் மூன்று வாக்கியங்களையாவது மனப்பாடமாக வைத்திருங்கள். எழுதிக் கொடுக்கப்படுவதை உரக்கப் படித்துப் பார்த்து, உங்கள் வாயில் வராத சொற்களை மாற்றித் தரச் சொல்லிக் கேட்பதில் தவறில்லை.

உடை பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை. நெருக்கமான கோடுகளும் பொடிக் கட்டங்களும் திரையில் அலைபாயும். பின்னணித் திரை பச்சையாக இருந்தால் பச்சை ஆடை கூடாது. சட்டையில் குத்தும் மைக்குக்கு அருகில் பட்டும் வளையலும் ஒலி எழுப்பும்.

கேள்வி கேட்பது

முன்னாள் வீரர் தொகுப்பாளராக ஆகும்போது முதலில் கைவிட வேண்டிய சொற்றொடர், ‘நான் ஆடிய காலத்தில்’ என்பது. அதைச் சொல்ல உங்கள் இடது பக்கமும் வலது பக்கமும் ஆள் இருக்கிறார்கள். உங்களுக்குத் தெரிந்ததைக் கேள்வியாக மாற்றுவதுதான் உங்கள் பங்கு. எடுத்துக்காட்டாக, கபடியில் கடைசி ரெய்டுக்கு முன்னால் மூச்சு எப்படி இருக்கும் என்று ஆடியவருக்குத் தெரியும். அதை நீங்களே விவரித்துவிட்டு, ‘இல்லையா?’ என்று முடித்தால் எதிரில் இருப்பவர் ‘ஆமாம்’ என்பதற்கு மேல் என்ன சொல்வார்? ‘அந்த ரெய்டுக்குப் போகும்போது மூச்சை எப்படிச் சேமித்தீர்கள்?’ என்று கேட்டால், பார்வையாளர் வேறெங்கும் கேட்டிராத ஒன்று வெளிவரும். கேள்வி ஒரே வாக்கியமாக இருக்க வேண்டும். இரண்டு கேள்விகளை ஒன்றாகக் கட்டிக் கேட்டால் சுலபமானதற்கு மட்டுமே பதில் வரும்.

தோற்றவரிடம் பேசுவதுதான் கடினம். இதில் சூ பார்க்கர் காட்டிய முறையை இந்தத் தொழிலுக்கு வருபவர்கள் தேடிப் பார்க்க வேண்டும். இங்கிலாந்து டென்னிஸ் வீராங்கனையான அவர் 1976-இல் பிரெஞ்சு ஓப்பன் வென்றவர். அடுத்த ஆண்டு விம்பிள்டன் அரையிறுதியில் பெட்டி ஸ்டோவியிடம் தோற்று, தம் நாட்டின் வர்ஜீனியா வேடை இறுதியில் சந்திக்கும் வாய்ப்பை 21 வயதில் இழந்தவர். ஆட்டத்தை விட்ட பிறகு ஆஸ்திரேலியத் தொலைக்காட்சியிலும் ஸ்கையிலும் வேலை பழகி, 1993 முதல் 2022 வரை பிபிசியின் விம்பிள்டன் ஒளிபரப்பில் இருந்தார். 2012 இறுதி ஆட்டத்தில் ரோஜர் ஃபெடரர் நான்கு செட்களில் வென்ற பிறகு, ஆண்டி மரேயிடம் மைக்கை நீட்டியவர் பார்க்கர்தான். மரே அழுதுவிட்டார், பேச்சு வரவில்லை. அந்த இடத்தில் ஆறுதல் வாக்கியமோ அடுத்த கேள்வியோ நுழைந்திருந்தால் அந்த நிமிடம் கெட்டுப்போயிருக்கும். பார்க்கர் அவரை அவசரப்படுத்தவில்லை, மைதானம் கைதட்டியது, மரே தாமாகவே மீண்டும் பேசினார். தாமும் அதே புல்தரையில் தோற்றவர் என்பதைப் பார்க்கர் ஒரு சொல்லாலும் நினைவூட்டவில்லை. ஆட்ட அனுபவம் தொகுப்பாளருக்குப் பயன்படும் விதம் இதுதான். அடுத்த ஆண்டு மரே கோப்பையை வென்றபோதும் அவரிடம் பேசியவர் பார்க்கரே.

‘எப்படி உணர்கிறீர்கள்?’ என்ற கேள்வியை விட்டுவிடுவது நல்லது. அதற்கு வீரர்கள் எல்லோரும் ஒரே பதிலை வைத்திருக்கிறார்கள் என்பது நீங்களே அந்தப் பதிலைச் சொல்லியிருப்பதால் உங்களுக்குத் தெரியும்.

மொழியும் முன்தயாரிப்பும்

தமிழ் வானொலியில் சாத்தான்குளம் அப்துல் ஜப்பார் போன்றவர்கள் கிரிக்கெட் வர்ணனை செய்தபோது, பந்து எங்கே விழுந்தது, ஆட்டக்காரர் எந்தக் காலை முன்வைத்தார் என்று எல்லாவற்றையும் சொல்லால் காட்ட வேண்டியிருந்தது. தொலைக்காட்சியில் அது படத்திலேயே இருக்கிறது. திரையில் இல்லாததைச் சேர்க்க முடியுமானால் மட்டும் பேச வேண்டும் என்பதைப் பெனோ கடைசிவரை கடைப்பிடித்தார். தமிழ் அலைவரிசைகளில் இந்த ஒழுக்கம் இன்னும் கொஞ்சம் வேண்டும் என்று எனக்குத் தோன்றுவதுண்டு. உற்சாகத்துக்காகக் கத்துவதைப் பார்வையாளர் எதிர்பார்க்கிறார்கள் என்று சொல்லப்பட்டாலும், தொகுப்பாளரும் சேர்ந்து கத்தினால் அடுத்த கேள்வியைக் கேட்க ஆள் இருக்காது.

பேச்சுத் தமிழில் பேசுங்கள். உங்கள் ஊர் வாடை இருந்தால் இருக்கட்டும். ஆனால் ஒரு வாக்கியம் மேடைத் தமிழிலும் அடுத்தது தெருப் பேச்சிலும் இருக்கக் கூடாது. வீரர்களின் பெயரை எப்படி உச்சரிப்பது என்று ஐயம் வந்தால் அவர்களிடமே கேட்டுவிடுங்கள். எந்த வீரரும் அதற்குக் கோபிக்க மாட்டார். ஒவ்வோர் அணிக்கும் ஒரு பக்கம் என்று குறிப்பு எழுதி வைத்துக்கொண்டு, ஒரு கேள்விக்கு ஒரு புள்ளிவிவரத்துக்கு மேல் சொல்லாமல் இருப்பது போதுமானது.

வாய்தவறிய சொல்லை எப்படிக் கையாள்வது என்பதற்கும் அண்மைய நிகழ்ச்சி ஒன்று உண்டு. இங்கிலாந்தின் முன்னாள் வேகப்பந்து வீராங்கனையும் 2009 உலகக் கோப்பை வென்ற அணியைச் சேர்ந்தவருமான இஷா குஹா, 2024 டிசம்பரில் பிரிஸ்பேன் டெஸ்டின்போது ஜஸ்பிரித் பும்ராவைப் பாராட்டும் வேகத்தில் பொருத்தமற்ற ஒரு சொல்லைப் பயன்படுத்திவிட்டார். மறுநாள் ஆட்டம் தொடங்கும் முன்பே, நேரலையில் மன்னிப்புக் கேட்டார். பக்கத்தில் இருந்த ரவி சாஸ்திரி அவரது துணிவைப் பாராட்டினார். தவறு நேர்ந்தால் செய்ய வேண்டியது அதுவே: அதே மேடையில், விரைவாக, சுருக்கமாக.

மைக்குக்கு வெளியே சொல்வதும் உங்கள் கணக்கில்தான் சேரும். 2023 மார்ச்சில் பிரிட்டன் அரசின் அகதிகள் கொள்கை பற்றி லினேக்கர் எழுதிய பதிவால் பிபிசி அவரை ஒதுக்கிவைத்தது. இயன் ரைட், ஆலன் ஷியரர் உள்ளிட்ட சக வல்லுநர்களும் வர மறுத்ததால், அந்த வார நிகழ்ச்சி தொகுப்பாளரும் வர்ணனையும் இல்லாமல் சுமார் 20 நிமிடங்களே ஓடியது. அவர் திரும்பி வந்தார். ஆனால் 2025-இல் இன்னொரு சமூக ஊடகப் பகிர்வுக்காக மன்னிப்புக் கேட்டுத் திட்டமிட்டதற்கு முன்பே விலக நேர்ந்தது. கருத்துச் சொல்லலாமா கூடாதா என்பது அவரவர் முடிவு. ஒப்பந்தத்தில் இதைப் பற்றி என்ன எழுதியிருக்கிறது என்று கையெழுத்துக்கு முன்னால் படிப்பது மட்டும் கட்டாயம்.

அனுமதியும் ஊதியமும்

நம் நாட்டில் விளையாட்டு ஒதுக்கீட்டில் ரயில்வேயிலோ காவல் துறையிலோ வேலையில் இருக்கும் முன்னாள் வீரர்கள் ஏராளம். அரசு ஊழியர் நடத்தை விதிகளின்படி, ஊதியம் பெற்றுக்கொண்டு வெளி வேலை செய்வதற்குத் துறையின் முன் அனுமதி வேண்டும். விடுப்பு எடுத்துக்கொண்டு போனாலும் இது பொருந்தும் என்பதால், அலைவரிசையிடம் ஒப்புக்கொள்வதற்கு முன்பே எழுத்தில் விண்ணப்பித்துவிடுங்கள். கிரிக்கெட்டில் இன்னொரு கட்டுப்பாடு உண்டு. உச்ச நீதிமன்றம் அமைத்த லோதா குழுவின் பரிந்துரைகளுக்குப் பிறகு வந்த பிசிசிஐ அமைப்பு விதிகளில், விதி 38 ஒருவர் ஒரே நேரத்தில் வகிக்கக் கூடாத பொறுப்புகளைப் பட்டியலிடுகிறது. வீரர், தேர்வாளர், அணி அலுவலர் ஆகியோருடன் வர்ணனையாளரும் அதில் இருக்கிறார். மாநிலச் சங்கத்தில் தேர்வுக் குழுப் பொறுப்பில் இருப்பவர் இதைப் பார்த்துக்கொண்டுதான் மைக்கைப் பிடிக்க வேண்டும்.

ஊதியம் பெரும்பாலும் நாள் கணக்கிலோ தொடர் கணக்கிலோ பேசப்படும். ஒத்திகை நாளும் பயண நாளும் கணக்கில் சேருமா, ஆட்டம் மழையால் நின்றால் என்ன, விளம்பரப் படங்களில் உங்கள் முகத்தைப் பயன்படுத்தத் தனித் தொகை உண்டா என்ற மூன்றையும் கேட்டுத் தெளிவுபடுத்திக்கொள்ளுங்கள். வருமான வரியில் வர்ணனையாளரும் தொகுப்பாளரும் தொழில்முறைச் சேவை செய்பவராகக் கருதப்படுவதால், தொகையில் 10 சதவீதம் பிடித்துக்கொண்டே கொடுப்பார்கள். ஆண்டு வரவு 20 லட்சம் ரூபாயைத் தாண்டினால் ஜிஎஸ்டி பதிவும் தேவைப்படும்.

வாய்ப்புக் கேட்டு அனுப்பும் காணொளி மூன்று நிமிடத்துக்கு மேல் போக வேண்டாம். உங்கள் பழைய ஆட்டக் காட்சிகளை அதில் முதலில் வைக்காதீர்கள். நீங்கள் ஒருவரிடம் கேள்வி கேட்டு, அவர் பதிலிலிருந்து அடுத்த கேள்வியை எடுக்கும் பகுதியே முதலில் வரட்டும். மாவட்ட அளவிலான போட்டியில் கைப்பேசியில் எடுத்ததாக இருந்தாலும் போதும்.

கடைசியாக, ஒளிபரப்பு உரிமை கைமாறினால் வேலையும் கைமாறும் என்பதை எதிர்பார்த்திருங்கள். ஐபிஎல் தொலைக்காட்சி உரிமை 2017 வரை சோனியிடமும் 2018 முதல் ஸ்டாரிடமும் இருந்தது. 2023-இல் இணைய உரிமை ஜியோசினிமாவுக்குப் போய் 12 மொழிகளில் ஒளிபரப்பானபோது புதிய குரல்கள் பலருக்கு இடம் கிடைத்தது. 2024 நவம்பரில் இரு தரப்பும் இணைந்து ஜியோஸ்டார் ஆனதும் அலைவரிசைகளும் தளங்களும் ஒரே கூரைக்குக் கீழ் வந்தன. ஆகவே ஒரே நிறுவனத்தை நம்பியிராமல், உங்களுடன் வேலை செய்த புரொடியூசர்கள் எங்கே மாறிப் போனாலும் தொடர்பில் இருங்கள். உங்கள் ஆட்டத்தைத் தவிர இன்னும் ஒரு விளையாட்டின் விதிகளையும் வீரர்களையும் இந்தப் பருவத்திலேயே படிக்கத் தொடங்குங்கள்.